பெட்டிக்கு அளவு கொடுத்த கதை

படப்பிடிப்பு அலுவலகத்திலிருந்து யாராவது தொலைபேசியில் உங்கள் உயரத்தையும் தோள் அகலத்தையும் கேட்டால், உடனே சந்தோஷப்பட்டுவிடாதீர்கள். எதற்கு என்று ஒரு வார்த்தை கேளுங்கள். டென்மார்க்கில் துணை நடிகனாகக் காலம் தள்ளி ஓய்வு பெற்ற ஒருவன் புதிதாக வந்திருக்கும் தம்பி தங்கச்சிமாருக்குச் சொல்லக்கூடிய முதல் புத்தி இதுதான். நான் கேட்கவில்லை. சென்ரிமீற்றர் பிசகாமல் எல்லாவற்றையும் சொல்லி, கேட்காமலே கழுத்துச் சுற்றளவையும் சேர்த்துச் சொன்னேன். அந்தப் பெண் "கழுத்து தேவையில்லை" என்றாள். அப்போதாவது எனக்கு விளங்கியிருக்க வேண்டும்.

கேள்வி கேட்கப் பயப்படுவது எனக்குப் பழைய வியாதி. எட்டாம் வகுப்பில் ஒரு கணக்கு விளங்கவில்லை. வாத்தியாரிடம் கேட்கப் பயந்தேன். அதற்குப் பிறகு வந்த கணக்கு ஒன்றும் விளங்கவில்லை. கொஞ்ச நாளில் பள்ளிக்கூடம் போவதையே விட்டுவிட்டேன். கிரின்ஸ்டெட் தொழிற்சாலையில் வேலைக்குச் சேர்ந்த முதல் நாள் ஒரு அளவு பெரிய கையுறையைத் தந்தார்கள். பதினொரு வருடம் அந்தப் பெரிய அளவையே வாங்கிப் போட்டேன். இப்படிப்பட்டவன் நடிகனானது எப்படி என்று கேட்பீர்கள். இஷொய்க்குக் குடிவந்த பிறகு, கடையில் வரிசையில் நின்றபோது ஒரு பெண் வந்து "படத்தில் டாக்சி ஓட்டுவீர்களா?" என்று கேட்டாள். மாட்டேன் என்று சொல்லப் பயந்து ஓம் என்றேன். பின் இருக்கையில் இரண்டு பேர் காதலித்தார்கள். என் பிடரி மட்டும் நடித்தது. சொந்தக்காரர்கள் பிடரியை வைத்தே என்னைக் கண்டுபிடித்தார்கள்.

அதற்குப் பிறகு படங்களில் கட்டில் தள்ளினேன், நிலம் துடைத்தேன், கடை வைத்தேன். நான் சொல்ல வந்தது ஒரு துப்பறியும் தொடரில் கடை வைத்த கதை. மொத்தம் எட்டுப் பகுதி. என் கடைக்கு எதிரே ஒரு நூடில்ஸ் கடை. அதன் முதலாளியாக நடித்தவர் சீனாவிலிருந்து வந்தவர். அங்கே தொலைக்காட்சித் தொடர்களில் இருபது வருடம் துணை நடிகராக இருந்தவர். குதிரையிலிருந்து விழுந்து, விஷம் குடித்து, பாலம் இடிந்து என்று இருபத்துமூன்று தரம் செத்தவர். மனைவிக்கு இங்கே வேலை கிடைத்ததால் கூட வந்தார். இங்கே வந்த பிறகு அவருக்குச் சாவு குறைந்து சமையல் கூடியது. படம் முடிந்து பெயர்கள் ஓடும்போது "சமையல்காரர்" என்றோ "இரண்டாவது சமையல்காரர்" என்றோதான் அவருடைய பாத்திரம் வரும்.

இந்தத் தொடரில்தான் முதல் தடவையாக அவருடைய பாத்திரத்துக்கு ஒரு பெயர் வைத்திருந்தார்கள். அதோடு ஆறாம் பகுதியில் அவர் தன் மகனோடு கதைக்கும் மூன்று பக்கக் காட்சி. இரண்டு மாதமாக நடைபாதையில் மேலும் கீழும் நடந்து அதை முணுமுணுத்துக்கொண்டிருந்தார். எங்கள் இருவருக்கும் பொதுவாக இருந்தது உடைந்த டேனிஷ் மட்டும். அதை என் தமிழில்தான் இங்கே எழுதுகிறேன். அவர் வாயிலும் இயக்குநர் வாயிலும் யாழ்ப்பாணம் வந்தால் குறை நினைக்கவேண்டாம். "அண்ணை" என்ற சொல் மட்டும் உண்மையிலேயே அவர் சொன்னது. என்னிடம் பழகிய ஒரே தமிழ்ச் சொல். என்னைவிட ஏழு வயது மூத்தவர் என்னை அண்ணை என்று கூப்பிடுவார். திருத்தப் பயந்து விட்டுவிட்டேன்.

அளவு கேட்ட அன்று வீட்டுக்குப் போய் மனைவியிடம் பெருமையாகச் சொன்னேன். "எனக்கெண்டு அளவெடுத்துக் கோட்டுத் தைக்கினம்."

"அப்ப அதையே கேட்டு வாங்கிக்கொண்டு வாங்கோவன். கலியாணத்துக்கும் போடலாம்" என்றாள்.

மகளின் கலியாணத்துக்கு இன்னும் மூன்று கிழமைதான் இருந்தது. மாப்பிள்ளை வீடு கோல்டிங். முந்தின ஞாயிற்றுக்கிழமைதான் பாலம் கடந்து அங்கே போய்ப் பொன்னுருக்கு முடித்துவிட்டு வந்திருந்தோம். தாலிக்குப் பொன்னை உருக்கும் சடங்கு. புகை கண்டு கத்தும் கருவியை மாப்பிள்ளையின் தகப்பன் பொலித்தீன் பையால் கட்டி வைத்திருந்தார். அப்படியும் அது ஐயர் மந்திரம் சொல்லும்போது ஒரு தரம் கத்தியது. நான் அதைக் கெட்ட சகுனம் என்று நினைத்து ஒரு கிழமை நித்திரை கொள்ளவில்லை. இங்கே பிறந்த பிள்ளைகளுக்காக ஒன்றை மட்டும் சொல்லிவிடுகிறேன். பொன்னுருக்கு நடந்துவிட்டால் கலியாணம் முடியும்வரை இரண்டு வீட்டாரும் செத்தவீட்டு வாசல் மிதிக்கக்கூடாது. உடன்பிறந்தான் செத்தாலும் தூரத்தில் நின்று அழவேண்டியதுதான்.

மறுநாள் தேநீர் வைக்கும் மூலையில் அந்த நூடில்ஸ் கடை நண்பர் தன் குடுவையிலிருந்து சுடுதண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தார். அவர் தேத்தண்ணி, கோப்பி ஒன்றும் குடிப்பதில்லை.

"அண்ணை, அளவு கேட்டவையோ?"

"ஓம். கோட்டுத் தைக்கினம் போல."

 அவர் தன் வசனக் கட்டை எடுத்துப் பக்கம் புரட்டி விரலை வைத்தார். "நாலாம் பகுதி. வாசியுங்கோ."

நான் என் வசனங்களுக்கு மகளைக்கொண்டு மஞ்சள் மை பூசுவித்து, மஞ்சளை மட்டும் படிக்கிறவன். அந்தப் பக்கத்தில் எனக்கு வசனம் இல்லை, ஆகவே மஞ்சளும் இல்லை. உதட்டை அசைத்து மெல்ல வாசித்தேன். கடைக்காரர் வெள்ளைச் சவப்பெட்டியில் கிடக்கிறார். மகள் அழுகிறாள்.

படமெடுக்கும் நாளைப் பார்த்தேன். அடுத்த செவ்வாய்க்கிழமை. கலியாணத்துக்குப் பதினொரு நாள் முன்னால்.

செத்தவீட்டுக்குப் போகக்கூடாது என்று எல்லாருக்கும் தெரியும். பெட்டிக்குள்ளே தானே படுக்கலாமா என்று எந்த ஐயரிடமும் யாரும் கேட்டிருக்க மாட்டார்கள். கேட்கத் தேவையான மடையன் அதுவரை பிறக்கவில்லை.

கலியாண விஷயம் ஏற்கெனவே தெரிந்த நண்பர் என் முகத்தைப் பார்த்துவிட்டு, "உங்கட ஆக்களுக்கும் இது கூடாதோ?" என்றார். "எங்கட ஊரில செத்து நடிச்சால் படக்காரர் சிவப்பு உறைக்குள்ள ஏதாவது வைச்சுத் தருவினம். அதோட தோஷம் போயிடும். இஞ்ச உள்ளவைக்குத் தெரியாது. நானே வெறும் உறையைக் கொண்டுபோய்க் குடுத்து, ஏதாவது போட்டுத் திருப்பித் தாங்கோ எண்டு கேப்பன். ஒருக்கால் பஸ் டிக்கெட் போட்டுத் தந்தவை." தன் பையிலிருந்து ஒரு கட்டுச் சிவப்பு உறையை எடுத்துக் காட்டினார். "நீங்களும் கேளுங்கோ."

நல்ல மனிதன் நல்ல வழி சொன்னார். நான் கேட்பவனா? நான் பொய் சொல்லப் போனேன்.

இயக்குநர் நாற்பது வயதுப் பெண். ஆறுதலாகக் கதைப்பவர். அவரிடம் போய், முதுகில் வருத்தம், பெட்டியில் படுக்க ஏலாது என்றேன்.

"ஐயோ பாவம். தடிப்பான மெத்தை போடுவம்" என்றார்.

பெட்டியை மூடினால் மூச்சு முட்டும் என்றேன்.

"ஏன் மூடுறம்? உங்கட முகம்தானே வேணும்."

மூன்றாவது பொய்க்கு என்னிடம் சரக்கு இல்லை. வாயில் வந்ததைச் சொன்னேன். "எனக்குக் கண்ணை மூடினால் இமை ஆடும். சின்ன வயதிலயிருந்து அப்படித்தான். செத்தவன் மாதிரி இருக்காது."

இயக்குநர் யோசித்தார். "அது பிரச்சினைதான். பாப்பம், ஏதாவது வழி கண்டுபிடிப்பம்" என்றார். டென்மார்க்கில் இந்த வார்த்தையைக் கேட்டால் கொஞ்சம் பயப்படுங்கள். அவர்கள் உண்மையிலேயே கண்டுபிடித்துவிடுவார்கள்.

மறுநாள் காலை புதுப் பக்கங்கள் வந்தன. கடைக்காரர் சாகவில்லை. எட்டாம் பகுதிவரைக்கும் கடையில் நிற்கிறார், கடைசியில் குற்றவாளியையும் அடையாளம் காட்டுகிறார். இல்லாத முதுகுவலிக்கு நாலு பகுதி பரிசு. நான் சந்தோஷத்தோடு மஞ்சளுக்கு வேலை எண்ணிக்கொண்டு அடுத்த பக்கத்தைத் திருப்பினேன். பெட்டி மட்டும் அப்படியே இருந்தது. தைத்த கோட்டை வீணாக்க விரும்பவில்லைப் போலிருக்கிறது. அதற்குள் நூடில்ஸ் கடைக்காரர் கிடந்தார். ஆறாம் பகுதி மூன்று பக்கக் காட்சியை எடுத்துவிட்டிருந்தார்கள். செத்தவர் மகனோடு கதைக்க முடியாதே.

நண்பர் தன் பக்கங்களை வாசித்து முடித்துவிட்டுக் குடுவையின் மூடியைத் திருகினார்.

"எனக்கு ஒண்டும் தெரியாது" என்றேன். இது நாலாவது பொய்.

"பரவாயில்லை அண்ணை. இருபத்துமூண்டு தரம் செத்தவனுக்கு இருபத்துநாலாவது என்ன?" என்று சிரித்தார். "உங்கட பிள்ளைக்குக் கலியாணம். நான் சாகிறதுதான் நியாயம்."

அவர் என்னைத் திட்டியிருந்தால் எனக்கு நிம்மதியாக இருந்திருக்கும். பின்னேரம் நடைபாதையால் வந்தபோது அவருடைய குரல் கேட்டது. யாருமில்லாத இடத்தில் சுவரைப் பார்த்து நின்று அந்த மூன்று பக்கத்தையும் முதலிலிருந்து கடைசிவரை ஒரு தரம் சொன்னார். முணுமுணுக்கவில்லை, முழுக் குரலில் சொன்னார். பிறகு தாள்களை நாலாக மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு போனார். நான் கழிப்பறைக் கதவுக்குப் பின்னால் நின்றேன்.

அன்று ரயிலில் இஷொயில் இறங்க மறந்து அடுத்த ஸ்டேஷன் போய்த் திரும்பி வந்தேன். மனம் கணக்குப் போட்டுக்கொண்டே இருந்தது. நான் வாயை மூடிக்கொண்டிருந்தால் கலியாணத்துக்குக் குறையில்லை. எனக்கு நாலு பகுதி கூட. யாருக்கும் தெரியப்போவதில்லை. நண்பரும் சம்மதம் சொல்லிவிட்டார். ஒன்றும் செய்யாமல் இருந்தாலே எல்லாம் கைக்கு வரும். இந்தத் தொழிலில் இப்படியொரு சந்தர்ப்பம் உங்களுக்கும் வரும், தம்பி தங்கச்சிமாரே. எங்கள் நிறத்துக்கும் முகத்துக்கும் ஒரு கதையில் இரண்டு இடம்தான் வைத்திருப்பார்கள். அதில் ஒன்று மற்றவருடையது. தள்ளாமலே அவர் விழுந்துவிடுவார். நீங்கள் கையைக் கட்டிக்கொண்டு நின்றால் போதும்.

வீட்டில் மனைவி, "என்னப்பா, முகம் கறுத்துக் கிடக்கு. கோட்டு இறுக்கமோ?" என்றாள்.

"கொஞ்சம் இறுக்கம்தான்" என்றேன்.

காலையில் இயக்குநரும் கதாசிரியரும் மேசையில் ரொட்டிக்கு வெண்ணெய் பூசிக்கொண்டிருந்தார்கள்.  உட்காரச் சொன்னார்கள். உட்கார்ந்தால் சொல்லமாட்டேன் என்று பயந்து நின்றபடியே சொன்னேன்.

"என்ர முதுகு நல்லாயிருக்கு. மூச்சும் முட்டாது. இமையும் ஆடாது. என்ர மகளுக்குக் கலியாணம். அதுக்கு முன்னம் நான் பெட்டிக்குள்ள படுக்கக்கூடாது. அதைச் சொல்லப் பயந்து பொய் சொன்னனான். தயவுசெய்து என்னையே சாக்கொல்லுங்கோ. அந்த மனிசனைச் சாக்கொல்லாதேங்கோ."

கதாசிரியர் கையில் கத்தியோடு அப்படியே இருந்தார். இயக்குநர் வாயிலிருந்ததை விழுங்கினார்.

"எத்தனை பொய்?"

"உங்களுக்கு மூண்டு. அவருக்கு ஒண்டு."

"கலியாணம் எத்தனையாம் கிழமை?"

இந்த நாட்டில் மனிதர்கள் திகதியில் வாழ்வதில்லை, வருடத்தின் ஐம்பத்திரண்டு கிழமைகளை எண்ணி எண்ணியே வாழ்கிறார்கள் என்று உங்களுக்குத் தெரியும். "முப்பத்தேழு" என்றேன்.

அவர் கைபேசியில் நாட்காட்டியைத் திறந்து விரலால் இரண்டு தரம் தட்டினார். "முப்பத்தெட்டாம் கிழமை, வியாழக்கிழமை, காலமை எட்டு மணிக்குச் சாகலாமோ?"

கலியாணத்துக்கு நாலாம் நாள் செய்யும் சடங்கும் முடிந்துவிடும் என்று விரலில் எண்ணிப் பார்த்தேன். "தாராளமாய்" என்றேன்.

அவ்வளவுதான். ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. நான் மூன்று பொய்க்கு எடுத்த நேரத்தில் டென்மார்க்கின் பாதிச் சாவுகளைத் தள்ளிப்போட்டிருக்கலாம்.

ஆனால் அவர் சும்மா விடவில்லை. என் மகளாக நடிக்கும் பெண் அந்த வியாழனுக்கு வேறு வேலை வைத்திருந்தாள். "அவவோட நீங்களே கதைச்சு மன்னிப்புக் கேளுங்கோ. நான் கேக்கமாட்டன்" என்றார். கேட்டேன். வாழ்க்கையில் நானாகப் போய்க் கேட்ட முதல் விஷயம் அது. கதாசிரியர் மட்டும் முகத்தைத் தூக்கிக்கொண்டிருந்தார். நூடில்ஸ் கடைக்காரருக்கு அவர் எழுதிய சாவு மிகவும் நன்றாக வந்துவிட்டதாம். "உங்களுக்கு அது பொருந்தாது" என்று என்னைக் குறை சொல்வது போல் சொன்னார்.

பழைய பக்கங்கள் திரும்பி வந்ததும் நண்பர் என்னிடம் வந்தார். சட்டைப் பையிலிருந்து நாலாக மடித்த தாளை எடுத்து நீவினார்.  "அண்ணை, கோட்டு இப்ப அளவோ?" என்று மட்டும் கேட்டார்.

கலியாணத்துக்கு அவரும் மனைவியும் கோல்டிங்குக்கு வந்தார்கள். மணவறைக்குப் பக்கத்தில் நின்ற எனக்கு ஆயிரம் கவலை. மாலை அவிழுமோ, தீபம் அணையுமோ, புகைக்கருவி மறுபடி கத்துமோ. அதற்கிடையில் பார்த்தால், சாப்பாட்டு மேசையில் நண்பர் என் மனைவியோடு அரை மணிநேரம் கதைத்துக்கொண்டிருந்தார். முதியோர் இல்லத்தில் வேலை செய்பவள், என்னைவிட நல்ல டேனிஷ் கதைப்பாள். பெட்டி விஷயத்தை நான் அவளிடம் மூச்சுவிடவில்லை. அவர் எழும்பிப் போனதும் அவளிடம் போனேன்.

"என்ன அவ்வளவு நேரம் கதைச்சனீங்கள்?"

"பாயசம் எப்பிடிக் காய்ச்சிறதெண்டு கேட்டார்" என்றாள்.

முப்பத்தெட்டாம் கிழமை வியாழன் காலை. வேலைக்குப் புறப்பட்டவனை மனைவி வாசலில் மறித்தாள். உப்பும் செத்தல் மிளகாயும் கையில் பொத்தி என் தலையை மூன்று தரம் சுற்றி நாவூறு கழித்தாள். "கலியாணத்தில எத்தினை கண் பட்டிருக்கும்" என்றாள். "மாப்பிள்ளைக்கும் பொம்பிளைக்கும்தானே கழிக்கிறது, எனக்கேன்?" என்றேன். "சும்மா நில்லுங்கோ" என்றாள். நெற்றியில் விபூதி வைத்தாள். ஒப்பனைப் பெண் அதைத் துடைத்தபோது காதுக்குப் பின்னால் கொஞ்சம் விட்டுவைக்கச் சொல்லிக் கேட்டேன். ஆம், கேட்டேன். அந்த வயதில் கேட்பது எனக்குப் புதுப் பழக்கம்.

அன்று நண்பருக்குப் படப்பிடிப்பு இல்லை. ஆனாலும் வந்து கமராவுக்குப் பின்னால் நின்றார். பெட்டிக்குள் இறங்கும்போது காதில் சொன்னார்: "செத்தவன் மாதிரிக் கிடக்கப் பாக்காதேங்கோ. எல்லாரும் அப்படித்தான் செய்து கெடுக்கிறவை. வேலை முடிஞ்சு வந்து படுத்தவன் மாதிரிக் கிடவுங்கோ." இருபத்துமூன்று தரம் செத்தவரின் வித்தை இது. பள்ளிக்கூடத்தில் சொல்லித்தரமாட்டார்கள், வைத்துக்கொள்ளுங்கள்.

முடிந்ததும் இயக்குநர் சிவப்பு உறையோடு வந்தார். நண்பர் ஏற்கெனவே கொடுத்து வைத்திருக்கிறார். உள்ளே டேனிஷ்காரர் விரும்பித் தின்னும், உப்புக் கரிக்கும் லக்ரிட்ஸ் மிட்டாய் ஒன்று. அதை வாயில் போட்டுக்கொண்டு கமராவைப் பார்த்துச் சிரிக்கச் சொன்னார் நண்பர். அந்தக் கறுப்பு மிட்டாயை வாயில் வைத்துக்கொண்டு சிரிப்பதைவிடச் சாவது சுலபம்.

அடுத்த வருடம் தொடர் வெளிவந்தது. ஞாயிற்றுக்கிழமைதோறும் பயந்தேன். நாலாம் பகுதி வந்த அன்று மகளும் மருமகனும் வீட்டுக்கு வந்திருந்தார்கள். மகளுக்கு வயிற்றில் ஐந்தாம் மாதம். வேறு நிகழ்ச்சி பார்ப்போம் என்றேன், ரிமோட்டை ஒளித்தேன், ஒன்றும் பலிக்கவில்லை. வெள்ளைப் பெட்டி திரை முழுக்க வந்தது. உள்ளே நான். மகள் என் கையைப் பிடித்துக்கொண்டாள். நான் மனைவியைப் பார்த்தேன். அவள் அசையாமல் கடைசிவரை பார்த்தாள். பிறகு எழும்பித் தேத்தண்ணி போடப் போனாள்.

பின்னால் போனேன். "நான் சொல்லியிருக்கவேணும்" என்றேன்.

"என்னத்தை?" என்றாள் கேத்திலைப் பார்த்தபடி. "உங்கட சிநேகிதர் கலியாணத்தண்டே சொல்லிப்போட்டார். முப்பத்தெட்டாம் கிழமை வியாழக்கிழமை எண்டு நாளும் சொன்னவர். பின்னை சும்மாவோ உங்களுக்கு நாவூறு கழிச்சனான்?"

 "அப்ப இவ்வளவு காலமும்…"

"எனக்குச் சொல்லாமல் செத்தனீங்கள்தானே. கொஞ்சக் காலம் பயந்து திரியட்டும் எண்டு விட்டனான்."

இரண்டு கிழமை கழித்து ஆறாம் பகுதி. நான் செத்துப் பதினைந்து நாள் ஆகிவிட்டதால் அதில் எனக்கு வேலை இல்லை. நண்பர் மகனுக்கு முன்னால் உட்கார்ந்து அந்த மூன்று பக்கத்தையும் சொன்னார். எங்கள் வீட்டில் ஒருவரும் தேத்தண்ணியைத் தொடவில்லை. பெயர்கள் ஓடியபோது அவருடைய பாத்திரத்துக்குப் பெயர் இருந்தது. உடனே அவருக்குத் தொலைபேசி எடுத்தேன். அவர் என்னைக் கதைக்க விடாமல், "அண்ணை, முதல்ல உங்கட மனிசியிட்டைக் குடுங்கோ. உங்கட சாவைப் பற்றி அவ என்ன சொன்னவ எண்டு கேக்கவேணும்" என்றார்.

அவளிடம் நீட்டினேன். அவள் டேனிஷில் நீளமாகச் சொன்னாள். மறுபக்கம் அவர் விழுந்து விழுந்து சிரிப்பது எனக்கே கேட்டது.

"என்ன சொன்னனீ?"

"உண்மையைத்தான். எல்லாம் நல்லாய்ச் செய்திருக்கிறியள். ஆனால் இமை ஆடினது."

நாலாம் பகுதியை மறுபடி போட்டுப் பார்த்தேன். ஆடியிருந்தது.